ஹாலில் மாலை போட்டு மாட்டியிருக்கும் அந்தப் போட்டோ என்னுடையது

சீரியலுக்கு வசனம் எழுதுகிறேன் என்று சொன்னால் ஊரில் இரண்டே கேள்விதான் வரும். ஒன்று, "எங்க வீட்டுப் பையனும் நல்லா எழுதுவான், உள்ள நுழைச்சு விடறீங்களா?" இன்னொன்று, "ஒரு விஷயத்தைச் சொல்ல ஏன் சார் மூணு நாள் இழுக்கறீங்க?" இரண்டுக்கும் எனக்குத் தெரிந்த பதிலை எழுதி வைக்கிறேன். இருபது வருடத்துக்கு மேல் இந்த வேலையில் இருக்கிறேன், ஆள் கிடைக்காத நாட்களில் கேமரா முன்னாலும் நின்றிருக்கிறேன், ஆனால் வடபழனியில் நாலு டீக்கடைக்கு வெளியே என் பெயரைச் சொன்னால் யாருக்கும் தெரியாது. வெற்றிக்கதை தேடுகிறவர்கள் வேறு ஆளைப் பார்க்கலாம்.

நான் எழுத வந்தவன் இல்லை, டைப் அடிக்க வந்தவன். 2001ல் சாலிகிராமம் அருணாசலம் ரோட்டுக்குப் பக்கத்துத் தெருவில் ஒரு டிடிபி சென்டரில் வேலை. இரண்டு கம்ப்யூட்டர், ஒரு ஜெராக்ஸ் மிஷின், ஓடாத ஃபேன் ஒன்று. யூனிகோடெல்லாம் எங்கள் பக்கம் எட்டிப் பார்க்காத காலம், பாமினி எழுத்துருவில்தான் அடிப்போம். ராத்திரி எட்டு மணிக்கு மேல் ஏதாவது கம்பெனியின் ஆபீஸ் பையன் ஒரு கட்டுத் தாளைக் கொண்டுவந்து போடுவான். காலையில் யூனிட் வண்டி கிளம்புவதற்குள் அடித்து, ஆறு காப்பி எடுத்து, பின் குத்தி வைக்க வேண்டும். தாளை நெடுக்காக இரண்டாகப் பிரித்து, இடது பாதியில் நடப்பது, வலது பாதியில் பேசுவது. அந்த வலது பாதியை வருடக்கணக்கில் அடித்ததுதான் என் படிப்பு. எத்தனை பக்கத்துக்கு எத்தனை நிமிடம் வரும், பெரிய கோபத்துக்கு எத்தனை ஆச்சரியக்குறி தாங்கும், பதினோரு மணிக்கு மேல் எழுத்தாளரின் கையெழுத்து எப்படிக் கோணும், கையெழுத்தோடு சேர்ந்து சீனும் எப்படிக் கோணும் என்பதெல்லாம் அங்கேதான் தெரிந்தது.

ஒருநாள் வந்த தாளில் டீ கொட்டி ஒரு வரி அழிந்துபோயிருந்தது. போன் பண்ணினால் எழுத்தாளர் எடுக்கவில்லை. ராத்திரி ஒரு மணி. சரி என்று நானே ஒரு வரி போட்டு அடித்துவிட்டேன். பத்து நாள் கழித்து அது டெலிகாஸ்ட் ஆனது. பக்கத்து மெஸ்ஸில் டிவி பார்த்துக்கொண்டு சாப்பிட்டவர்களில் யாரும் அந்த வரியைக் கவனிக்கவில்லை, எனக்கு மட்டும் சாம்பார் தொண்டையில் இறங்கவில்லை. எழுத்தாளரிடம் போய்ச் சொன்னேன், நன்றாகத் திட்டினார். மூன்று மாதம் கழித்து அவருடைய அசிஸ்டென்டுக்குக் கல்யாணமாகி ஊரோடு போய்விட, அவரே கூப்பிட்டார். திறமையைப் பார்த்து அல்ல, "உனக்குத்தான்டா என் கையெழுத்து புரியுது" என்றார்.

அது நல்ல காலம். 1975ல் சென்னைத் தொலைக்காட்சி வந்தது, அதில் தொடர் என்றால் வாரம் ஒருநாள், பெரும்பாலும் பதின்மூன்று வாரம், அவ்வளவுதான். 1993 ஏப்ரல் 14ல் சன் டிவி தொடங்கி, பிறகு மற்ற சேனல்களும் வந்து, அந்தப் பத்தாண்டின் கடைசியில் தினசரித் தொடருக்கு வீடுகள் பழகிய பிறகுதான் எழுத்து என்பது மளிகைக்கடை மாதிரி தினம் திறக்க வேண்டிய வேலையானது. 2003 கடைசியில் ஆரம்பித்து 2009 வரை ஓடிய கோலங்கள் 1500 எபிசோடைத் தாண்டியது. ஒரு எபிசோடுக்குப் பத்துப் பன்னிரண்டு பக்கம் என்று வைத்துக்கொண்டு பெருக்கிப் பாருங்கள். ஒரு மனிதன் எழுதித் தீர்க்கிற கணக்கா அது? அதனால்தான் அசிஸ்டென்ட், அசிஸ்டென்டுக்கு ஓர் அசிஸ்டென்ட் என்று எங்களைப் போன்றவர்களுக்குச் சோறு கிடைத்தது.

வெளியில் இருக்கிறவர்கள் நினைப்பதுபோல் ஒரே ஆள் உட்கார்ந்து எல்லாவற்றையும் எழுதுவதில்லை. கதை ஒருவர், திரைக்கதை ஒருவர், வசனம் ஒருவர், இவர்கள் தலைக்கு மேல் சேனலின் கதைக்குழு. வாரத்துக்கு ஒரு ஒன்லைன், அதாவது கதைச்சுருக்கம், போடுவார்கள், அதைச் சீன் ஆர்டராக உடைப்பார்கள், அப்புறம்தான் வசனம். வியாழக்கிழமை டிஆர்பி வரும், எத்தனை பேர் பார்த்தார்கள் என்கிற கணக்கு. எண் ஏறினால் அந்த டிராக்கை இழு என்பார்கள், இறங்கினால் அந்த டிராக்கை மூடு என்பார்கள், இரண்டு பேச்சுக்கும் பலியாவது வசனகர்த்தாதான். வியாழன் சாயங்காலம் போன் அடித்தால் இன்றைக்கும் எனக்கு வயிறு கொஞ்சம் கலங்கும். சாகடித்த ஆளை உயிரோடு கொண்டுவரச் சொன்னதும் உண்டு. கொண்டுவந்தேன். உடல் கிடைக்கவில்லை என்று முன்னமே ஒரு வரி போட்டு வைத்திருந்தேன். யாரைக் கொன்றாலும் அப்படி ஒரு வரி போட்டு வைப்பது நல்லது.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். எழுதுகிறவன் ஸ்பாட்டுக்குப் போக வேண்டும். இந்த ஒன்றைத்தான் நான் எல்லோரிடமும் சொல்வேன், யாரும் கேட்க மாட்டார்கள், ஏனென்றால் எழுத்தாளன் என்றால் ரூம் போட்டு எழுதுகிறவன் என்று ஒரு நினைப்பு. முதல் மூன்று வருடம் நானும் அப்படித்தான் இருந்தேன். 2006ல் டைட்டிலில் என் பெயர் முதல்முறையாக வந்த தொடரில் ஒரு கூட்டுக்குடும்பம், ஹாலில் எட்டுப் பேர் நிற்கிற சீன், நகை காணாமல் போன பஞ்சாயத்து. எட்டுப் பேருக்கும் பங்கு வைத்து ஐந்து பக்கம் எழுதி அனுப்பிவிட்டுத் தூங்கிவிட்டேன். அன்றைக்கு டேட் இருந்தது, அதாவது நடிக்க வர முடிந்தது, ஐந்து ஆர்டிஸ்டுக்குத்தான். டைரக்டர் என்ன செய்வார்? பெரியம்மா பேச வேண்டியதைச் சின்ன மருமகளுக்கு மாற்றிக் கொடுத்து எடுத்து முடித்துவிட்டார். அதில்தான் நகை எங்கே இருக்கிறது என்ற ரகசியமும் இருந்தது. நாலு நாள் கழித்து அதே சின்ன மருமகளிடம் வேறொருத்தி அந்த ரகசியத்தைச் சொல்ல, அவள் அதிர்ச்சியில் டம்ளரைக் கீழே போடுகிறாள். என் அக்காவே ஊரிலிருந்து போன் பண்ணி, "ஏண்டா, அவதான் திங்கக்கிழமையே சொன்னாளே" என்றாள்.

அதற்கு மறுநாளிலிருந்து இரண்டு பழக்கம் வைத்துக்கொண்டேன். முதலாவது ஒரு நோட்டு. யாருக்கு எந்த ரகசியம் தெரியும், எந்த எபிசோடில் தெரிந்தது, யார் சொன்னது. கேரக்டரின் வயது, பிடித்த சாப்பாடு, ஜாதகம் எல்லாம் எழுதி வைக்கச் சொல்வார்கள், அதெல்லாம் ஒரு தடவைகூட உதவியதில்லை, இந்த நோட்டு வாரத்துக்கு இரண்டு முறை காப்பாற்றும். சீரியல் என்பதே யாருக்கு என்ன தெரியும், யாருக்குத் தெரியாது என்கிற கணக்குதான். இரண்டாவது, எழுத உட்கார்வதற்கு முன் புரொடக்‌ஷன் மேனேஜருக்கு ஒரு போன். "அண்ணே, இந்த வாரம் யார் யாருக்கு டேட், எந்த வீடு, அடுப்படி கிடைக்குமா?" ஷூட்டிங் வீட்டுக்காரர் அடுப்படியைப் பூட்டி வைத்திருப்பார், நாம் அதற்குள் நாலு பக்கச் சண்டை எழுதியிருப்போம், கடைசியில் மாடிப்படியில் நின்றுகொண்டு மாமியார் "குழம்புல என்னடி போட்ட" என்று கேட்க வேண்டி வரும். நடந்திருக்கிறது.

அப்புறம் ஸ்பாட்டுக்குப் போய் உட்கார ஆரம்பித்தேன். வளசரவாக்கம், போரூர், சில சமயம் ஈவிபி ஃபிலிம் சிட்டி. முதலில் யாருக்கும் பிடிக்கவில்லை. எழுத்தாளர் வந்தால் வசனத்தை மாற்ற விடமாட்டார் என்று பயம். நான் செய்தது நேர்மாறு, மாற்றிக் கொடுக்கத்தான் போனேன். ஒரு ஆள் வரவில்லையா, பத்து நிமிடம் கொடுங்கள், ஆள் இல்லாமல் எழுதித் தருகிறேன். மழையா, மொட்டைமாடி சீனை உள்ளே கொண்டுவருகிறேன். பாட்டி வேஷக்காரருக்கு முட்டிவலியா, உட்கார்ந்தே பேசட்டும். இரண்டே மாதத்தில் நான் வருகிற நாள் எப்போது என்று கேட்டுக்கொண்டு ஷெட்யூல் போட ஆரம்பித்தார்கள். என்னைவிட நன்றாக எழுதுகிறவர்கள் நிறையப் பேர் இந்தத் துறைக்கு வந்து ஒன்றரை வருடத்தில் போய்விட்டார்கள். நான் இருக்கிறேன் என்றால் காரணம் அந்தப் பிளாஸ்டிக் நாற்காலிதான்.

நடிக்கப் போனதும் அந்த நாற்காலியால்தான். சார்பதிவாளர் வேடத்துக்கு வர வேண்டியவர் வரவில்லை. மதியம் மூன்று மணி, ஆபீஸ் மாதிரி செட் பண்ணியாகிவிட்டது. டைரக்டர் சுற்றிப் பார்த்தார். கண்ணாடி போட்டு, கொஞ்சம் வழுக்கையோடு, சும்மா உட்கார்ந்திருந்தது நான் ஒருவன்தான். "சார், நீங்க எழுதுன வசனம்தானே, வந்து சொல்லிடுங்க" என்றார். வசனம் இது: "இந்தச் சொத்து உங்க தாத்தா பேர்ல இருந்து உங்க அப்பா பேருக்கு மாறின தேதியில மைனரா இருந்த வாரிசுகளோட சம்மதம் இல்லாம எழுதின பத்திரம் செல்லாதுன்னு உங்களுக்குத் தெரியுமா?" எழுதும்போது கம்பீரமாக இருந்தது. லைட் முகத்தில் அடிக்க, கையில் ஃபைல் வைத்துக்கொண்டு, "ரோல்" சொன்ன பிறகு அதைச் சொல்லிப் பார்த்தபோது "மைனரா" வருவதற்குள் மூச்சு போய்விட்டது. பதினோரு டேக். லைட்மேன் ஒருவர் கொட்டாவி விட்டதை இன்னும் மறக்கவில்லை.

கடைசியில் நானே பேனாவை வாங்கி அங்கேயே உடைத்தேன். "யார் பேர்ல இருந்தது?" "தாத்தா பேர்ல." "மாத்தினப்ப உனக்கு என்ன வயசு?" "எட்டு." "அப்ப இது செல்லாதும்மா." ஒரே டேக். சார்பதிவாளர் அப்படியெல்லாம் தீர்ப்பு சொல்ல முடியாது, அது கோர்ட்டு வேலை என்று பிற்பாடு ஒரு வக்கீல் நண்பர் சொன்னார், அது வேறு கதை. நான் சொல்ல வருவது, அந்தப் பதினோரு டேக்குக்கு முன்னால் நான் கண்ணுக்கு எழுதிக்கொண்டிருந்தேன். அதற்கப்புறம் எதையும் வாயால் சொல்லிப் பார்க்காமல் அனுப்பியதில்லை. இரண்டாம் மாடியில் குடியிருக்கிறோம், ராத்திரி பன்னிரண்டு மணிக்கு "நாசமாப் போயிடுவ" என்று நான் தனியாகப் பேசிக்கொண்டிருப்பது கீழ்வீட்டுக்காரருக்குப் பழகிவிட்டது.

இதில் இன்னொரு சங்கதி இருக்கிறது. நம் சீரியல்களில் பெரும்பாலானவர்கள் வசனத்தை மனப்பாடம் செய்வதில்லை. கேமராவுக்குப் பக்கத்தில் நின்று ஓர் அசிஸ்டென்ட் டைரக்டர் ப்ராம்ட் பண்ணுவார், அவர் சொல்லச் சொல்ல இவர்கள் பிடித்துக்கொண்டு பேசுவார்கள், அப்புறம் டப்பிங்கில் சரிசெய்வார்கள். பெங்களூரிலிருந்தும் கேரளாவிலிருந்தும் நடிக்க வருகிற பெண்களுக்கு வேறு வழியும் இல்லை. ஆகவே ஒரு வசனகர்த்தாவின் முதல் வாசகன் அந்தப் ப்ராம்ட் பண்ணுகிற பையன்தான். அவன் ஒரு மூச்சில் சொல்ல முடியாததை ஆர்டிஸ்ட் ஒரு மூச்சில் பேச முடியாது. அவனோடு டீ குடியுங்கள். எந்த இடத்தில் நாக்கு தடுக்குகிறது என்று அவன் சொல்வதுபோல் எந்த வாத்தியாரும் சொல்லித்தர மாட்டார். "வாழ்க்கை முழுக்க அழுதுகிட்டே" என்று ஒரு வரி எழுதியிருந்தேன், கன்னடத்துப் பெண் ஒருத்தி பேச வேண்டியது. அவள் என்னைப் பார்த்த பார்வையில் ழகரத்தைப் பாதியாகக் குறைத்துவிட்டேன்.

நடித்த முதல் நாள் என்னிடம் நடிகர் சங்கக் கார்டு இல்லை. இரண்டு வரி வேடம் என்பதால் விட்டுவிட்டார்கள். மூன்றாவது தடவை ஒருவர் கேட்டார், நியாயம்தானே, கார்டு வைத்திருக்கிறவனுடைய ஒருநாள் கூலியை நான் எடுத்துக்கொள்கிறேன். பணம் கட்டிச் சேர்ந்துவிட்டேன். அதன்பின் டாக்டர், வக்கீல், பேங்க் மேனேஜர், கல்யாணத் தரகர், கோயில் தர்மகர்த்தா. டாக்டராக வந்தால் "இருபத்து நாலு மணி நேரம் போகட்டும்" என்று சொல்லிவிட்டு நடந்தே போய்விட வேண்டும். தரகருக்குச் சாப்பாடு உண்டு என்று ஆசைப்படாதீர்கள், கன்டினியூட்டிக்காக அதே இட்லியை அதே இடத்திலிருந்து பிய்த்து ஒன்பது தடவை வாயில் வைக்க வேண்டும். அன்றோடு சாப்பிட்டுக்கொண்டே பேசுகிற சீன்களில் இட்லியை எடுத்துவிட்டுக் காபி டம்ளர் வைத்து எழுத ஆரம்பித்தேன். இன்ஸ்பெக்டர் மட்டும் கிடைத்ததே இல்லை, உயரம் போதாதாம்.

ஏன் இழுக்கிறீர்கள் என்ற கேள்விக்கும் கேமரா முன்னால் நின்றபோதுதான் எனக்கே பதில் கிடைத்தது. அரை மணி நேர ஸ்லாட்டில் விளம்பரம் போக 21, 22 நிமிடம் ஓட வேண்டும். காலையில் ஆர்டிஸ்ட் லேட், மதியம் ஜெனரேட்டர் நின்றுபோனது, ஒன்பது மணிக்குக் கால்ஷீட் முடிந்துவிட்டது, எடிட்டில் பார்த்தால் ஒன்றரை நிமிடம் குறைகிறது. அந்த ஒன்றரை நிமிடத்தை எங்கிருந்து கொண்டுவருவது? எட்டுப் பேரின் ரியாக்‌ஷனிலிருந்துதான். "அவர் திரும்பிட்டாரு" என்று நான் சொல்லி முடித்ததும் எல்லோரையும் தனித்தனியாக நிறுத்தி முறைக்கச் சொல்லி எடுத்து வைத்துக்கொள்வதை நானே பக்கத்தில் நின்று பார்த்தேன், என்னையும் முறைக்கச் சொன்னார்கள். இழுப்பதில் சேனலின் பேராசையும் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் பாதி நாள் அது பற்றாக்குறையைத் தைத்து மறைத்த ஒட்டு.

பணத்தைப் பற்றிச் சொல்லாவிட்டால் இது பாதிக் கதை. எபிசோடுக்கு இவ்வளவு என்றுதான் கூலி. அசிஸ்டென்டாக இருந்தபோது 400 ரூபாய், அதுவும் எழுத்தாளர் கையால் வாங்கிக்கொள்வது. பெயர் வந்த பிறகு கூடியது, ஆனால் டெலிகாஸ்ட் ஆகி இரண்டு மாதம், மூன்று மாதம் கழித்துத்தான் வரும். பெயர் வேண்டாம், ஒரு கம்பெனி 34 எபிசோட் பாக்கி வைத்துக்கொண்டு தொடரை நிறுத்திவிட்டது. என் கையில் ஒப்பந்தமும் இல்லை, ஒரு கடிதமும் இல்லை, "பாத்துக்கலாம் சார்" என்ற வாய்வார்த்தைதான். சங்கத்தில் போய் உட்கார்ந்து, நடையாய் நடந்து, பாதி வந்தது. இன்னொரு இடத்தில் கூலியிலிருந்து பத்து சதவீதம் டிடிஎஸ் என்று வரி பிடித்துக்கொண்டு அதை வருமானவரித் துறைக்குக் கட்டவே இல்லை, என் பெயரில் கட்டிய வரியைக் காட்டும் படிவம் 26ஏஎஸ் எடுத்துப் பார்த்தபோதுதான் தெரிந்தது. இப்போது மாதக் கடைசியில் எத்தனை எபிசோட், எவ்வளவு தொகை என்று ஒரு பில் போட்டு மெயிலிலும் வாட்ஸ்அப்பிலும் அனுப்பிவிடுகிறேன், மூன்று மாதத்துக்கு ஒருமுறை அந்த வரிக்கணக்கைப் பார்க்கிறேன், இரண்டு மாதப் பாக்கிக்கு மேல் போனால் சிரித்த முகத்தோடு எழுதுவதை நிறுத்திவிடுகிறேன். நிறுத்திய மறுநாள் பணம் வந்த அதிசயமும் நடந்திருக்கிறது. என் மனைவி ஸ்கூல் டீச்சர். அவள் சம்பளம் இல்லாமல் இருந்தால் இந்த வீரமெல்லாம் வந்திருக்காது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

2020 மார்ச் 19ல் கொரோனாவால் ஷூட்டிங் எல்லாம் நின்றது. சேனல்கள் பழைய தொடர்களை மறுபடி போட்டு ஓட்டின. நான் எழுதிய ஒன்றும் ஓடியது, எனக்கு ஒரு பைசா வரவில்லை, கேட்கவும் கையில் காகிதம் இல்லை. மே மாதம் சின்னத்திரைப் படப்பிடிப்புக்கு அரசு அனுமதி கொடுத்தபோது முதலில் மொத்தமே இருபது பேர் என்றார்கள், அந்த மாதக் கடைசியில் அறுபது ஆக்கினார்கள். இருபது பேரில் கேமரா, லைட், மேக்கப் எல்லாம் போனால் நடிக்க எத்தனை பேர் மிச்சம்? கூட்டுக்குடும்பக் கதைக்கு வந்த சோதனை. பாட்டியை ஊருக்கு அனுப்பினேன். அண்ணனைக் கதவுக்கு அந்தப் பக்கம் நிறுத்திக் குரலாக மாற்றினேன். அவரவர் வீட்டிலிருந்து செல்போனில் எடுத்து அனுப்பிய முகங்களை வைத்து வீடியோ காலில் ஒரு சொத்துத் தகராறையே நடத்தினேன். அந்த நாட்களில் என்னைத் தேடி மூன்று கம்பெனிகள் போன் பண்ணின. ஆள் இல்லாமல் சீன் எழுதிப் பழகியவன் என்று ஸ்பாட்டில் யாரோ சொல்லியிருக்கிறார்கள்.

ஆகவே அந்த முதல் கேள்விக்கு, எங்க வீட்டுப் பையன் நல்லா எழுதுவான் என்கிறவர்களுக்கு: கதை வேண்டாம். "கதை இருக்கு சார்" என்று வருகிறவர்கள் வடபழனியில் தெருவுக்கு முப்பது பேர். நாளைக் காலைக்குள் ஒரு சீன் தருகிற ஆள்தான் வேண்டும். ஆறு பேர் பேசுகிற சீன் ஒன்று எழுதச் சொல்லுங்கள். அதிலிருந்து முக்கியமான ஆளைத் தூக்கிவிட்டு ஒரு மணி நேரத்தில் அதையே மறுபடி எழுதச் சொல்லுங்கள். அப்புறம் பாதி நீளத்தில். அப்புறம் அதையே சத்தமாகப் பேசிக் காட்டச் சொல்லுங்கள். இதைச் சலிக்காமல் ஒரு மாதம் செய்தான் என்றால் அனுப்புங்கள், ஏதாவது ஓர் அசிஸ்டென்ட் இடம் கிடைக்கும். சலித்துக்கொண்டான் என்றால் சிறுகதை எழுதட்டும், அதுவும் நல்லதுதான்.

பெருமைப்பட என்ன இருக்கிறது என்று கேட்டால் கொஞ்சம் யோசிக்க வேண்டும். பாயசத்தில் விஷம் வைத்திருக்கிறேன், அறைந்திருக்கிறேன், ஒரே பெண்ணை மூன்று தடவை கடத்தியிருக்கிறேன். ஒரே ஒரு சீன் மட்டும் மனதில் நிற்கிறது. மாமியார் வேடக்கார அம்மாவுக்கு அன்று தொண்டை கட்டிக்கொண்டது. மருமகளை வீட்டை விட்டுப் போகச் சொல்ல வேண்டிய சீன், மூன்று பக்கம். அவ்வளவையும் வெட்டிவிட்டு, அவர் முறத்தில் அரிசி பார்த்துக்கொண்டிருக்கட்டும், மருமகள் பெட்டியோடு வந்து நின்றதும் கல் பொறுக்குவதை நிறுத்தாமல் கால்மாட்டில் இருந்த சாவிக்கொத்தை மட்டும் தன் பக்கமாக நகர்த்திக்கொள்ளட்டும் என்று எழுதிக் கொடுத்தேன். டிஆர்பி ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. அன்றைக்குக் கொட்டாவி விட்ட அதே லைட்மேன் பேக்கப்புக்கு அப்புறம் பக்கத்தில் வந்து, "இன்னிக்கு நல்லா இருந்துச்சு சார்" என்றார்.

அந்தப் போட்டோ விவகாரம் இதுதான். ஒரு தொடரில் ஹீரோயினுடைய அப்பா கதை தொடங்கும் முன்பே இறந்தவர், ஹாலில் அவருடைய படம் வேண்டும். ஆர்ட் டிபார்ட்மெண்ட் பையன் காலையில் மறந்துவிட்டான். நான் நாற்காலியில் இருந்தேன். வெள்ளைச் சட்டை போட்டு நிற்க வைத்துப் படம் எடுத்து, பக்கத்துக் கடையில் பிரிண்ட் போட்டு, மாலையும் குட்டி லைட்டும் மாட்டிவிட்டார்கள். அந்தத் தொடர் 400 எபிசோடுக்கு மேல் போனது. வாரத்துக்கு இரண்டு தடவையாவது அந்தப் பெண் வந்து படத்துக்கு முன் நின்று "ஏம்பா என்னை விட்டுட்டுப் போனீங்க" என்று அழுவாள், அந்த அழுகையையும் நான்தான் எழுதினேன். படத்துக்குக் கூலி கிடையாது. வசனத்துக்குக் கிடைக்காத அடையாளம் அதில் கிடைத்தது, கோயம்பேடு பஸ் ஸ்டாண்டில் ஓர் அம்மா என்னைப் பார்த்துவிட்டு இரண்டடி பின்னால் போனார். எங்கள் அம்மாதான் தாங்கவில்லை. "உசுரோட இருக்கற புள்ளைக்கு மாலை போட்டு வெச்சிருக்கானுங்க, நீயும் பல்லைக் காட்டிக்கிட்டு நிக்கற" என்று ஒரு மாதம் போனில் பேசவே இல்லை.

தொடர் முடிந்த அன்று அந்தப் படத்தைத் துடைத்து என் கையில் கொடுத்தார்கள். மனைவி வீட்டு வாசலுக்குள்ளேயே விடவில்லை. இப்போது அது பரணில், சுவர்ப் பக்கம் திருப்பி வைத்தபடி இருக்கிறது. போன வாரம் ஒரு கோ-டைரக்டர் போன் பண்ணி, "சார், அந்த ஃப்ரேம் இன்னும் வெச்சிருக்கீங்களா? ஒரு தாத்தா வேணும்" என்றார். தேடிப் பார்க்கிறேன் என்று சொல்லியிருக்கிறேன். இந்தத் தடவை வாடகை கேட்கலாம் என்று இருக்கிறேன்.